கழற்றிப் பார்த்தவர்

கோயம்புத்தூரில் ஒருவரை ஊர் முழுக்க ‘அதிசய மனிதர்’ என்றே அழைத்தார்கள். மண்ணெண்ணெயில் ஓடும் விசிறி, உலர் மின்கலத்தில் இயங்கும் சவரக் கருவி, மிக மெல்லிய சவர பிளேடு, பழச்சாறு பிழியும் கருவி, கள்ள வாக்குப் போட முடியாத வாக்குப் பதிவு இயந்திரம் என்று அவர் பட்டறையிலிருந்து ஒன்றன்பின் ஒன்றாக வந்துகொண்டே இருந்தன. அவர் தோட்டத்தில் விளைந்த பப்பாளியையும் பருத்தியையும் சோளத்தையும் பார்க்கக்கூட ஆட்கள் வந்தார்கள். சர் சி.வி. ராமன் வந்தார், விஸ்வேஸ்வரய்யா வந்தார். இத்தனையும் செய்த ஜி.டி. நாயுடு பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்பைத் தாண்டியவர் அல்ல.

மாயாஜாலக் கதைகளில் மந்திரக் கோலோடு பிறக்கும் பொறியாளர்கள் உண்டு. கொங்கு மண்ணில் பிறந்தவருக்கு அப்படி எதுவும் கிடையாது. அவரிடம் இருந்தது ஒரு வழிமுறை. அதை அவர் ஒளித்து வைக்கவில்லை; யார் வேண்டுமானாலும் கற்றுக்கொள்ளலாம். இன்று திருப்பூரில் நிட்டிங் மிஷின் முன்னால் நிற்கும் பிட்டர் ஒவ்வொருவரும், பெயர் தெரிந்தோ தெரியாமலோ, அதே வழிமுறையில்தான் பிழைப்பு நடத்துகிறார். இந்த அத்தியாயம் அந்த வழிமுறையைப் பற்றியது.

ஒரு ரட்ஜ் வண்டி

கோபால்சாமி துரைசாமி நாயுடு 1893 மார்ச் 23 அன்று சூலூருக்கு அருகிலுள்ள கலங்கல் கிராமத்தில் விவசாயக் குடும்பத்தில் பிறந்தார். பள்ளிக்கூடம் பிடிக்கவில்லை, தோட்டத்து வேலைக்குப் போனார். இருபது வயதை ஒட்டிய காலத்தில், அந்தப் பக்கம் வந்த ஆங்கிலேய அதிகாரி ஒருவர் ஓட்டிய ரட்ஜ் மோட்டார் சைக்கிளைக் கண்டார். மாடும் குதிரையும் இழுக்காமல் ஒரு வண்டி தானாகப் போனது. அதைப் பார்த்த ஊர்க்காரர்களுக்கு வியப்பு. நாயுடுவுக்கோ அதன் உள்ளே என்ன இருக்கிறது என்று தெரிந்தாக வேண்டும்.

கோவைக்குப் போய் ஓர் உணவு விடுதியில் பரிமாறும் வேலையில் சேர்ந்தார். சில ஆண்டுகள் காசு சேர்த்தார். முந்நூறு ரூபாய்க்கு ஒரு ரட்ஜ் மோட்டார் சைக்கிளை வாங்கியவர், அதை முழுசாகக் கழற்றிப் போட்டுப் படித்தார்.

கழற்றிப் பார்ப்பதில் அப்படி என்ன தெரிந்துவிடும்? நிறையத் தெரியும், எங்கே பார்க்க வேண்டும் என்று தெரிந்திருந்தால். ஓடிப் பழகிய எந்தப் பொறியும் தன் கதையைத் தன் உடம்பிலேயே எழுதி வைத்திருக்கும். பிஸ்டனின் ஒரு பக்கம் மட்டும் பளபளவென்று தேய்ந்திருந்தால், இணைப்புத் தண்டு அதை அந்தப் பக்கம் தள்ளிக்கொண்டே இருந்திருக்கிறது என்று பொருள். வால்வின் விளிம்பில் கருகிய புள்ளி இருந்தால், அது சரியாக உட்காராமல் அந்த இடைவெளி வழியே சூடான புகை கசிந்திருக்கிறது. எங்கே விசை அதிகம், எங்கே எண்ணெய் எட்டவில்லை, எந்த உலோகம் எதைத் தாங்கும் என்று புதிய பொறி சொல்லாது. தேய்ந்த பொறிதான் சொல்லும். எழுத்துக் கூட்டிப் படிக்கும் பள்ளியை விட்டு ஓடியவர் இந்த எழுத்தைப் படிக்கக் கற்றார்.

திருப்பூர் அரவை ஆலை

அடுத்து அவர் வந்த இடம் திருப்பூர். அன்று இது பனியன் ஊர் கிடையாது, பருத்தி ஊர். சுற்றுப்புறக் காடுகளில் விளைந்த கம்போடியா பருத்தி வண்டி வண்டியாக இங்கே வந்து இறங்கும். நாயுடு இங்கே ஒரு பருத்தி அரவை ஆலை, அதாவது ஜின்னிங் பாக்டரி நடத்தினார்.

அரவை இயந்திரத்தைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்ப்போம். பருத்தி இழை ஒவ்வொன்றும் ஒரே ஒரு செல். விதையின் தோலிலிருந்து கிளம்பி அங்குல அளவுக்கு நீண்டு வளரும் செல். ஒரு விதையின் மேல் இப்படி ஆயிரக்கணக்கில் நிற்கும். இழையை அறுக்காமல் விதையையும் நசுக்காமல் இரண்டையும் பிரிப்பதுதான் அரவையின் வேலை. உருளை ஜின்னில் தோல் சுற்றிய ஓர் உருளை சுழலும். சொரசொரப்பான தோலில் இழை ஒட்டிக்கொண்டு இழுபடும். உருளையை உரசினாற்போல் ஓர் அசையாத கத்தி நிற்கும். இழை அதற்கு அடியில் நுழைந்து போகும், விதை நுழைய முடியாமல் வெளியே தங்கிவிடும். மேலும் கீழும் ஆடும் இன்னொரு கத்தி அந்த விதையைத் தட்டித் தட்டி உதிர்க்கும். பஞ்சு ஒரு பக்கம், பருத்திக்கொட்டை மறுபக்கம். எடையில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்குதான் பஞ்சு.

எல்லாம் அந்தக் கத்திக்கும் தோலுக்கும் இடையே உள்ள அழுத்தத்தில் இருக்கிறது. கத்தி தளர்ந்தால் விதை உடைந்து தூள் பஞ்சோடு போகும். வியாபாரி விலையைக் குறைப்பான். இறுகினால் தோல் சூடேறிக் கருகும், சில சமயம் பஞ்சில் தீயே பிடிக்கும். இடையில் உள்ள சரியான அழுத்தத்தைக் கையால் உணர்ந்து திருகை நிறுத்த வேண்டும். பொறியியலில் அளவு என்பதற்கு என்ன மதிப்பு என்பதை இதைவிடத் தெளிவாகக் கற்பிக்கும் பள்ளி அந்நாளில் இந்த வட்டாரத்தில் இருந்திருக்காது.

முதல் உலகப் போர்க் காலத்தில் பருத்தித் தொழிலில் நல்ல காசு வந்தது. அந்தக் காசோடு பம்பாய்க்குப் போய்ப் பஞ்சு வியாபாரத்தில் இறங்கியவர் எல்லாவற்றையும் இழந்து திரும்பினார். சந்தை அவரைக் கைவிட்டது, பொறிகள் கைவிடவில்லை.

நேரத்துக்கு வரும் பஸ்

கோவையில் ஸ்டேன்ஸ் நிறுவனத்தாரின் உதவியோடு 1920-ல் ஒரு பஸ் வாங்கினார். பொள்ளாச்சிக்கும் பழனிக்கும் இடையே அவரே ஓட்டினார். அந்த ஒரு வண்டி வளர்ந்து யுனிவர்சல் மோட்டார் சர்வீஸ் ஆனது. யு.எம்.எஸ். பஸ் என்றால் நேரம் தவறாது என்று பெயர் எடுத்தது.

நேரம் தவறாமை ஒழுக்கம் சம்பந்தப்பட்டது என்று நாம் நினைத்துக்கொள்கிறோம். பஸ் நடத்துபவருக்கு அது முதலில் பொறியியல். ஒரு வண்டி வழியில் நின்றால் அன்றைய அட்டவணை முழுவதும் சரிகிறது. ஒரே ஒரு வண்டி வைத்திருப்பவர் பழுதைத் தலைவிதி என்று எடுத்துக்கொள்ளலாம். பல வண்டிகள் வைத்திருப்பவருக்கு வேறொன்று புலப்படும்: ஒரே பாகம், ஏறக்குறைய ஒரே தூரம் ஓடிய பிறகு, வண்டிக்கு வண்டி பழுதாகிறது. அப்படியென்றால் அது பழுதாகும் முன்பே மாற்றிவிடலாம். இன்று தொழிற்சாலைகளில் தடுப்புப் பராமரிப்பு என்ற பெயரில் பாடமாக நடத்தப்படுவதன் அடிப்படை இவ்வளவுதான். பஸ் கம்பெனிக்குச் சொந்தப் பட்டறை தேவைப்பட்டது. பட்டறை நாளடைவில் புதிய கருவிகள் பிறக்கும் இடமாக மாறியது.

தொடாமல் சுழலும் இரும்பு

நாயுடுவின் வேலைகளில் கொங்கு நாட்டை அடியோடு மாற்றியது எது என்று கேட்டால், சவரக் கருவியையோ பப்பாளியையோ சொல்ல மாட்டேன். 1937-ல் பீளமேட்டில் நேஷனல் எலெக்ட்ரிக் ஒர்க்ஸ் பட்டறையில் டி. பாலசுந்தரம் நாயுடுவும் அவரும் சேர்ந்து உருவாக்கிய மின்மோட்டாரைத்தான் சொல்வேன். இந்தியாவிலேயே செய்யப்பட்ட முதல் மின்மோட்டார் என்று அது குறிக்கப்படுகிறது.

ஆலையிலும் கிணற்று மேட்டிலும் ஓடும் தூண்டல் மோட்டாரின் மூடியைக் கழற்றினால் முக்கியமாக இரண்டே பாகங்கள். வெளியே அசையாமல் நிற்பது ஸ்டேட்டர். அதன் காடிகளுக்குள் செம்புக் கம்பிச் சுருள்கள். நடுவில் சுழல்வது ரோட்டர். அதில் உலோகத் தண்டுகள், இரு முனையிலும் வளையங்களால் இணைக்கப்பட்டிருக்கும். இரண்டுக்கும் நடுவே சிறிய மோட்டார்களில் ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவான காற்று இடைவெளி. ரோட்டருக்கு எந்த ஒயரும் போவதில்லை. எதுவும் அதைத் தொடுவதில்லை. ஆனாலும் சுவிட்சைப் போட்டதும் சுழல்கிறது. கண்கட்டு வித்தை போலத் தெரியும் இதற்குள் நடப்பது என்ன?

மூன்று பேஸ் மின்சாரத்தில் மூன்று மின்னோட்டங்கள், ஒன்றுக்கொன்று சுற்றில் மூன்றில் ஒரு பங்கு பின்தங்கி ஏறி இறங்குகின்றன. ஸ்டேட்டரைச் சுற்றி அமைந்த சுருள்கள் இதனால் வரிசையாகக் காந்தமாகின்றன. விளைவாக, இரும்பு எதுவும் அசையாமலேயே காந்தப் புலம் மட்டும் வட்டமடிக்கிறது. சுற்றும் புலம் ரோட்டரின் தண்டுகளைக் கடக்கும்போது அவற்றில் மின்னோட்டம் தூண்டப்படுகிறது. அந்த மின்னோட்டமே ரோட்டரைக் காந்தமாக்கி, புலத்தின் பின்னால் ஓட வைக்கிறது. நம் நாட்டு மின்சாரம் விநாடிக்கு 50 சுற்று. நான்கு துருவ மோட்டாரில் புலம் நிமிடத்துக்கு 1,500 முறை சுற்றும். ஆனால் மோட்டாரின் பெயர்ப் பலகையில் 1,440 என்பது போல ஓர் எண் பொறித்திருக்கும். அந்த அறுபது சுற்றின் குறைவு குறைபாடு ஆகாது. ரோட்டர் புலத்தை எட்டிப் பிடித்துவிட்டால் புலம் தண்டுகளைக் கடக்காது, மின்னோட்டம் தூண்டப்படாது, இழுவிசை அற்றுப்போகும். எட்டாமல் துரத்துவதால்தான் அது வேலை செய்கிறது.

டெஸ்லாவும் பெர்ராரிஸும் 1880-களிலேயே இந்தத் தத்துவத்தைக் கண்டுபிடித்துவிட்டார்கள். பீளமேட்டுக்காரர்கள் தத்துவத்தைக் கண்டுபிடிக்க வேண்டியிருக்கவில்லை. அதை இங்கே செய்ய வேண்டியிருந்தது. அது வேறு வகையான கடினம். ஸ்டேட்டரை ஒரே இரும்புக் கட்டியாக வார்த்தால் அதற்குள்ளேயே சுழல் மின்னோட்டங்கள் எழுந்து இரும்பு கொதித்துப் போகும். ஆகவே மெல்லிய தகடுகளை வெட்டி, ஒவ்வொன்றுக்கும் காப்புப் பூச்சு கொடுத்து, அடுக்கி இறுக்க வேண்டும். காடிகளில் காப்புத்தாள் வைக்க வேண்டும். கம்பியின் பூச்சு எங்கும் கீறாமல் சுருள் கட்ட வேண்டும். கூடு வார்க்க வேண்டும். தண்டு கடைய வேண்டும். ஒரு மோட்டார் உள்ளூரில் பிறக்க வேண்டுமென்றால் வார்ப்படம், லேத், அச்சு வெட்டுதல், காயில் கட்டுதல் என்று ஒரு தெரு நிறையத் தொழில்கள் அதோடு கூடவே பிறந்தாக வேண்டும். கோவையில் அப்படித்தான் பிறந்தன. பாலசுந்தரம் நாயுடு டெக்ஸ்டூல் நிறுவனத்தைக் கட்டினார். நூற்பாலை இயந்திரங்கள் இந்த மண்ணிலேயே செய்யப்பட்டன.

காலமும் கனிந்திருந்தது. நீலகிரியின் பைக்காரா நீர்மின் நிலையம் 1932-ல் இயங்கத் தொடங்கி, மின்சாரம் சமவெளிக்கு இறங்கியிருந்தது. பாறையைக் குடைந்து ஆழமாகத் தோண்டிய கொங்குக் கிணறுகளில் அதுவரை மாடு கட்டிக் கவலை ஏற்றம் ஓட்டித்தான் நீர் இறைத்தார்கள். மோட்டாரும் பம்பும் வந்ததும் மாடுகள் ஓய்ந்தன, பாசனம் விரிந்தது, பருத்தி பெருகியது, ஆலைகள் எழுந்தன. திருப்பூரில் 1925-ல் குலாம் காதர் தொடங்கிய முதல் பின்னலாடை ஆலைக்குப் பின் தெருத்தெருவாக முளைத்த பனியன் கம்பெனிகளும் அந்த மின்சாரத்தைப் பிடித்துக்கொண்டுதான் வளர்ந்தன.

சந்தைக்குப் போகாத பொறிகள்

1941-ல் நாயுடு ஐந்து வால்வு ரேடியோவை எழுபது ரூபாய்க்குச் செய்து தர முடியும் என்று அறிவித்தார். 1952-ல் இருவர் அமரும் பெட்ரோல் கார் ஒன்றை உருவாக்கினார். விலை இரண்டாயிரம் ரூபாய். அந்தக் காரைத் தயாரிக்க அரசு உரிமம் தரவில்லை. அதற்கு முந்தைய ஆண்டுதான் தொழில்கள் வளர்ச்சி ஒழுங்குமுறைச் சட்டம் வந்திருந்தது. புதிதாக விடுதலை பெற்ற நாட்டில் இரும்புக்கும் அந்நியச் செலாவணிக்கும் பஞ்சம். யார் எதை எவ்வளவு தயாரிக்கலாம் என்பதை அரசு முடிவு செய்தது. அந்தக் கவலை நியாயமானது. ஆனால் பட்டறையில் நின்று யோசிப்பவருக்கு அதன் பட்டியலில் இடம் இருக்கவில்லை. வரிச்சுமையை எதிர்த்து அவர் தம் சொந்தத் தயாரிப்புகளையே பொதுமக்கள் முன்னால் உடைத்து நொறுக்கியதும் உண்டு.

இதில் நமக்கு நேர்ந்த உண்மையான நஷ்டம் ஒரு மலிவுக் கார் என்பதோடு முடிவதில்லை. சந்தைக்குப் போன பொறி பழுதாகிப் பட்டறைக்குத் திரும்பி வரும். வந்தால்தான் எங்கே தேய்ந்தது என்று பார்த்து அடுத்ததைத் திருத்திச் செய்ய முடியும். நாயுடு ரட்ஜ் வண்டியில் கற்ற பாடமே அதுதானே. விற்பனைக்கே போகாத பொறிக்கு அந்த இரண்டாம் பிறவி கிடையாது. வாக்குப் பதிவு இயந்திரம் அவர் பட்டறையோடு நின்றது. இந்தியத் தேர்தலில் அப்படியோர் இயந்திரம் முதன்முதலாகப் பயன்பட்டது 1982-ல், கேரளத்தின் பரவூர் தொகுதியில். அவர் மறைந்து எட்டு ஆண்டுகள் கழித்து.

நிட்டிங் மிஷின் முன்னால்

இனி திருப்பூருக்கு வருவோம். முப்பது அங்குல டயா, 24 கேஜ் கொண்ட வட்டப் பின்னல் இயந்திரத்தில் சுமார் 2,260 ஊசிகள் வட்டமாக நிற்கும். ஒவ்வோர் ஊசிக்கும் மேலே ஒரு கொக்கி, கொக்கியை மூடித் திறக்கும் சின்னத் தாழ்ப்பாள், கீழே ஒரு குதி. இந்தத் தாழ்ப்பாள் ஊசியை இங்கிலாந்தில் மேத்யூ டவுன்செண்ட் 1847-ல் உருவாக்கினார். சிலிண்டர் சுழலும்போது ஊசியின் குதி, கேம் தடத்தில் ஏறி இறங்கும். ஊசி ஏறினால் பழைய கண்ணி தாழ்ப்பாளைத் திறந்துகொண்டு கீழே நழுவும். கொக்கி புதிய நூலைப் பிடித்துக்கொண்டு இறங்கும்போது அதே பழைய கண்ணி தாழ்ப்பாளை மூடிவிட்டு, தலைக்கு மேலாகக் கழன்று விழும். புதிய கண்ணி ஒன்று பிறந்துவிட்டது. நூல் ஊட்டும் 90 பீடர்கள் பொருத்தி நிமிடத்துக்கு 25 சுற்று ஓட்டினால் அந்த ஒரு மிஷின் நிமிடத்துக்கு 50 லட்சம் கண்ணிகளைப் பின்னித் தள்ளும்.

இத்தனை ஊசிகளில் ஒரே ஒன்றின் தாழ்ப்பாள் இம்மி வளைந்தாலும் போதும், துணியில் மேலிருந்து கீழாக ஒரு கோடு விழும். நல்ல பிட்டர் துணியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பார். கோடு நேராக இறங்கினால் ஊசி. குறுக்கே பட்டையாக வந்தால் நூலோ அதன் இழுவையோ. கறுத்த கோடென்றால் எண்ணெய். துணியில் விழுந்த கோட்டின் வழியே மேலேறி, 2,260-ல் அந்த ஒற்றை ஊசியைக் கண்டுபிடித்துக் கழற்றுவார். பிறகு குதி எந்தப் பக்கம் தேய்ந்திருக்கிறது என்று விரலால் தடவிப் பார்ப்பார். ஊசி மட்டும் கெட்டதா, கேமே கெட்டுவிட்டதா என்று அந்தத் தேய்மானம் சொல்லிவிடும். பழுதிலிருந்து பொறியைப் படிக்கும் கொங்கு வழிமுறை இதுதான். ரட்ஜ் எஞ்சினைக் கழற்றிப் போட்ட இளைஞரும் இவரும் ஒரே பள்ளி.

என்ன கற்பிப்பது?

நாயுடு இந்தப் பள்ளியை நிஜமான பள்ளியாகவே கட்டிப் பார்த்தார். சென்னை மாகாண ஆளுநர் ஆர்தர் ஹோப் பெயரில் கோவையில் ஒரு பாலிடெக்னிக்கையும் 1945-ல் ஒரு பொறியியல் கல்லூரியையும் தோற்றுவித்தார். அந்தக் கல்லூரிதான் இன்றைய அரசு தொழில்நுட்பக் கல்லூரி. மூன்றாம் வகுப்பு படித்தவர் அதன் முதல்வராக இருந்தார். பொறியியல் கற்க நான்கு ஆண்டு என்பது வீண், குறுகிய காலத்தில் பட்டறையிலேயே கற்பிக்கலாம் என்று வாதிட்டார். அரசு ஏற்கவில்லை, அவர் விலகிக்கொண்டார்.

இந்த வாதத்தில் அவர் பக்கம் முழு நியாயம் இருப்பதாக நான் கருதவில்லை. சுழலும் காந்தப் புலத்தைக் கணக்கில்லாமல் எட்ட முடியாது. ஸ்பேனரால் மட்டும் ஒருவர் தூண்டல் மோட்டாரைக் கண்டுபிடித்திருக்க மாட்டார். ஆனால் அவர் அஞ்சியது நடந்துவிட்டது. ஒரு மோட்டாரின் மூடியைக்கூடத் திறந்து பார்க்காமல் மின்பொறியியல் பட்டம் வாங்க முடிகிற நிலை இன்று இருக்கிறது. கணக்கு தெரிந்தவருக்குக் கையில் பழக்கமில்லை. கைப்பழக்கம் உள்ள பிட்டருக்கு யாரும் கணக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை. இரண்டும் ஒரே ஆளிடம் சேரும்போதுதான் பீளமேட்டு மோட்டார் போல ஒன்று பிறக்கும்.

நாயுடு 1974 ஜனவரி 4 அன்று மறைந்தார். கோவை அவிநாசி சாலையில் 2025-ல் திறக்கப்பட்ட பத்து கிலோமீட்டர் மேம்பாலத்துக்கு அவர் பெயர். அதே சாலையில் கிழக்கே போனால் திருப்பூர் எட்டிவிடும் தொலைவுதான். இந்த ஊருக்கு இப்போது அவர் வழிமுறை முன்னெப்போதையும்விட அதிகமாகத் தேவைப்படுகிறது. புதிய நிட்டிங் மிஷின்கள் பெரும்பாலும் வெளிநாட்டிலிருந்து வருகின்றன; அவற்றின் மூளை மூடிய பெட்டிக்குள், கடவுச்சொல்லுக்குப் பின்னால் இருக்கிறது. நொய்யல் ஆற்றைக் கெடுத்ததற்காக 2011-ல் உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது. அன்று முதல் சாயக் கழிவுநீரை ஒரு சொட்டும் வெளியே விடாமல் சவ்வூடு வடிகட்டி, ஆவியாக்கி, உப்பைப் பிரித்தெடுக்கும் ஆலைகளை நம்பித்தான் இந்தத் தொழில் நடக்கிறது. அந்தச் சவ்வு எப்படி அடைக்கிறது, அந்த ஆவிக்கலன் எங்கே அரிக்கிறது என்று கழற்றிப் பார்த்துச் சொல்லும் ஆட்கள் இங்கேயே வேண்டும். மலிவான சவ்வும் குறைந்த மின்செலவில் ஓடும் ஆவிக்கலனும் அவர்கள் கையில்தான் பிறக்கும்.

திருப்பூரில் பழைய மோட்டாருக்கோ ஓய்ந்துபோன நிட்டிங் மிஷினுக்கோ பஞ்சமில்லை. காயலான் கடைகளில் குவிந்து கிடக்கின்றன. ஒவ்வொரு பள்ளியும் அவற்றில் ஒன்றை வாங்கி, ஒரு மேசை மேல் வைத்து, எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் கையில் ஸ்பேனரைக் கொடுக்கட்டும். பக்கத்தில் ஓர் அறிவியல் ஆசிரியரும் அனுபவமுள்ள ஒரு பிட்டரும் நிற்கட்டும். கழற்றிய பிறகு, இது ஏன் இங்கே தேய்ந்தது என்ற ஒரே கேள்வியை இருவரும் சேர்ந்து கேட்கட்டும். அதிசய மனிதர் என்று ஒருவரை மட்டும் கொண்டாடி நிறுத்திக்கொள்வதைவிட, அவர் கற்ற விதத்தில் ஒரு தலைமுறையையே கற்க வைப்பதுதான் இந்த ஊர் அவருக்குச் செய்யத்தக்க மரியாதை. அதற்குத் தேவையானவை அனைத்தும் இங்கே ஏற்கெனவே இருக்கின்றன.